ஆதித்ய ஹ்ருதயம்: தமிழ் எழுத்தில் படித்துச் சொல்பவர்களுக்கு

கேள்வி இது: கடலூர் தேவனாம்பட்டினத்தில் குடியிருக்கும் ஒருவருக்குக் காலையில் கடற்கரையில் நின்று ஆதித்ய ஹ்ருதயம் சொல்ல ஆசை. சமஸ்கிருதம் தெரியாது. கையில் இருக்கும் இரண்டு தமிழ்ப் புத்தகங்களிலும் பாடம் வேறு வேறாக இருக்கிறது, சுலோக எண்ணிக்கையும் ஒத்துவரவில்லை. எதைப் பிடித்துக்கொள்வது, மூன்று தடவை சொல்லித்தான் ஆக வேண்டுமா, வீட்டுப் பெண்களும் சொல்லலாமா என்று கேட்டிருக்கிறார்.

முதலில் எண்ணிக்கை. அகத்தியர் ராமனுக்குச் சொல்லும் சூரியன் துதி இது. வால்மீகி ராமாயணம் யுத்த காண்டத்தில் ஒரு தனிச் சர்க்கம், அதாவது அத்தியாயம். சில பதிப்புகளில் 105 என்றும் சிலவற்றில் 107 என்றும் எண் போட்டிருப்பார்கள். எண்தான் வேறு, சங்கதி ஒன்று. பெரும்பாலான பதிப்புகளில் 31 சுலோகம். உங்கள் புத்தகத்தில் 32 அல்லது 33 இருந்தால், முன்னால் "ஜயது ஜயது ஸூர்யம்" என்று தொடங்கும் தியான சுலோகத்தையோ, கடைசியில் "பானோ பாஸ்கர மார்தாண்ட" என்று ஆயுள், ஆரோக்கியம் வேண்டும் சுலோகத்தையோ சேர்த்து எண்ணியிருக்கிறார்கள். இரண்டும் ராமாயணத்தில் இல்லாதவை. சொல்வதில் தவறில்லை, ஆனால் மூலம் "ததோ யுத்தபரிச்ராந்தம்" என்பதில் தொடங்கி "வசஸ்த்வரேதி" என்பதில் முடிகிறது என்று புத்தகத்தில் பென்சிலால் இரண்டு கோடு போட்டு வைத்துக்கொள்ளுங்கள். "அஸ்ய ஸ்ரீ ஆதித்யஹ்ருதய" என்று ரிஷி, சந்தஸ், தேவதை சொல்லும் நியாசப் பகுதியும் பின்னால் வந்த வழக்குதான். யாரிடமாவது முறையாகக் கேட்டுக் கொண்டிருந்தால் செய்யுங்கள், இல்லாவிட்டால் விட்டுவிடலாம். பவிஷ்யோத்தர புராணத்தைச் சேர்ந்ததாகச் சொல்லும் இன்னொரு ஆதித்ய ஹ்ருதயம் உண்டு. அது கண்ணன் அர்ஜுனனுக்குச் சொல்வது, நூறு சுலோகத்துக்கு மேல் போகும். கடையில் வாங்கும்போது பெயரை மட்டும் பார்க்காமல் முதல் வரியைப் பார்த்து வாங்க வேண்டும்.

பரோடாவில் பல சுவடிகளை ஒப்பிட்டு வெளியிட்ட ஆய்வுப் பதிப்பு இந்தச் சர்க்கத்தை மூலத்தில் வைக்காமல் பின்னிணைப்புக்குத் தள்ளியிருக்கிறது. இது தெரிந்ததும் சிலர் மனம் சோர்ந்துபோகிறார்கள். சோர வேண்டியதில்லை. தென்னாட்டுப் பாராயண மரபு இதை விடாமல் காத்து வந்திருக்கிறது. நாம் சொல்வது அந்த மரபின் பாடத்தை.

பாடம் மாறுவதற்கு வருவோம். உங்கள் குழப்பத்தில் பாதி பாடபேதமே இல்லை, தமிழ் எழுத்தால் வருவது. க, ச, ட, த, ப ஐந்துக்கும் சமஸ்கிருதத்தில் நான்கு நான்கு ஒலி. நமக்கு ஒவ்வொன்றுக்கும் ஒரே எழுத்து. அதனால்தான் நல்ல புத்தகங்களில் எழுத்தின் தோளில் 2, 3, 4 என்று சின்ன எண் போட்டிருப்பார்கள். எண் இல்லாவிட்டால் சாதாரண வல்லினம், 2 அதோடு மூச்சு சேர்ந்தது (kha), 3 மென்மையான ஒலி (ga), 4 அந்த மென்மையோடு மூச்சு சேர்ந்தது (gha). எண் போடாத புத்தகத்தை, அச்சு எவ்வளவு பெரிதாக இருந்தாலும், கற்பதற்கு எடுக்காதீர்கள். பத்தாவது சுலோகத்தில் "கக:" என்று ஒரு பெயர் வருகிறது. எண் இல்லாமல் பார்த்தால் ஒரே எழுத்து இரண்டு தடவை. உண்மையில் முதலாவது க², இரண்டாவது க³. க² என்றால் ஆகாயம், க³ என்றால் செல்பவன், வானில் செல்கிறவன். இரண்டையும் வல்லினமாகச் சொன்னால் பொருளே போய்விடும். எட்டாவதில் வரும் "தனத:" அப்படித்தான்: முதல் எழுத்து த⁴, கடைசி த³. செல்வம் தருபவன், அதாவது குபேரன். "கபஸ்தி" என்பது க³, ப⁴. கதிர் என்று பொருள். 7, 10, 22 என்று மூன்று இடத்தில் வருகிற சொல், ஒரு தடவை திருத்திக்கொண்டால் மூன்று இடமும் சரியாகும். இருபதாவதில் "க்ருதக்னக்னாய" வருகிறது. இதில் முதல் க சாதாரணம், பின்னால் வரும் இரண்டும் க⁴. நன்றியைக் கொன்றவனைக் கொல்பவன் என்று பொருள். வேகமாகச் சொல்லும்போது ஒரு "க்ன" விழுந்து "க்ருதக்னாய" ஆகிவிடும். அப்போது நன்றி கெட்டவனுக்கு வணக்கம் என்றாகிறது! இந்த ஒரு சொல்லை மட்டும் தனியாகப் பத்து தடவை நாக்கில் ஏற்றிக்கொள்ளுங்கள்.

அடுத்து, சொல் பிரிக்கிற இடம். புத்தகத்தில் சந்தி சேர்த்தே அச்சிட்டிருப்பதால் நாம் தமிழ்க் காதுக்குப் பழகிய இடத்தில் வெட்டிவிடுகிறோம். எட்டாவது சுலோகத்தின் முடிவு "யம: ஸோமோ ஹ்யபாம்பதி:". இதை "ஸோமோஹ்ய, பாம்பதி" என்று வெட்டிச் சொல்பவர்கள் நிறைய. அந்தச் சொல் "ஹி, அபாம், பதி:". நீர்களுக்குத் தலைவன், வருணன். "ஸோமோ" என்றதும் ஒரு நூலிழை விட்டு "ஹ்யபாம் பதி:" என்று எடுக்க வேண்டும். பன்னிரண்டில் "அக்னிகர்போதிதே: புத்ர:" என்பதில் நடுவே ஓர் அகரம் மறைந்திருக்கிறது: அக்னிகர்ப:, அதிதே: புத்ர:. தீயைக் கருவில் கொண்டவன், அதிதியின் மகன் என இரண்டு பெயர். பதிமூன்றில் "கனவ்ருஷ்டிரபாம் மித்ரோ" என்பது கனவ்ருஷ்டி:, அபாம் மித்ர:. கனத்த மழை தருபவன், நீரின் நண்பன்.

நிஜமான பாடபேதங்கள் சில உண்டு. பத்தாவது சுலோகத்தின் இரண்டாம் வரியை விரல் விட்டு எண்ணிப் பாருங்கள். இந்த ஸ்தோத்திரத்தின் முதல் 30 சுலோகமும் அநுஷ்டுப். ஒரு பாதத்துக்கு எட்டு அசை, நான்கு பாதம், மொத்தம் 32. ஸு, வர், ண, ஸ, த்ரு, சோ, பா, நுர்: எட்டு. ஹி, ரண், ய, ரே, தா, தி, வா, கர: என்று நினைத்தால் தவறு, க, ர: இரண்டு அசை. ஆக ஒன்பது. ஓர் அசை கூடுதல். சொல்லும்போது அந்த இடத்தில் தாளம் இடறுவது உங்கள் குற்றமில்லை. சில பதிப்புகளில் "ஹிரண்யரேதா" என்பதற்குப் பதில் "ஸ்வர்ணரேதா" என்று இருக்கும், அதில் எட்டு சரியாக வரும். பொருள் இரண்டுக்கும் ஒன்றே. பதினொன்றில் "மார்தாண்ட அம்சுமான்" என்று இடைவெளியோடு இருக்கிறதா, "மார்தாண்டகோம்சுமான்" என்று இருக்கிறதா என்று பாருங்கள். இரண்டும் எட்டு அசை, இரண்டும் வழக்கில் உள்ளவை. ஆனால் முதல் பாடத்தை எடுத்தவர்கள் "மார்தாண்டாம்சுமான்" என்று ஒட்டிவிடக் கூடாது, ஓர் அசை குறைந்துபோகும். பதினேழில் "ஸஹஸ்ராம்சோ ஆதித்யாய" என்ற இடத்திலும் இதே எச்சரிக்கை. சுற்றிலும் எல்லாம் "ஆய, ஆய" என்று முடிவதால் இதையும் "ஸஹஸ்ராம்சாய" என்று சிலர் திருத்திவிடுகிறார்கள். அது விளி. "ஆயிரம் கதிரோனே" என்று நேரே கூப்பிடுகிறது. அப்படியே விடுங்கள்.

எந்தப் புத்தகம் என்றால், ஒன்றை எடுத்து அதிலேயே நில்லுங்கள். இரண்டையும் கலந்தால் இரண்டும் நிற்காது. ஒலிநாடா, யூடியூப் வைத்துக் கற்பதானால் அந்தக் குரல் எந்தப் பாடத்தைச் சொல்கிறதோ அதே பாடத்துப் புத்தகம் இருக்க வேண்டும். முடிந்தால் சந்தை முறை: சொல்லத் தெரிந்தவர் ஒரு தடவை சொல்ல, நீங்கள் இரண்டு தடவை திருப்பிச் சொல்வது, பாதம் பாதமாக. ஒரு நாளைக்கு ஒரு சுலோகம் என்றால் ஒரு மாதத்தில் 31 முடிந்துவிடும்.

ஆனால் முதலிலிருந்து தொடங்க வேண்டும் என்று கட்டாயமில்லை. அமைப்பைப் பார்த்தால் எங்கே தொடங்குவது என்று தெரியும். 1, 2 போர்க்களக் காட்சி. 3 முதல் 5 வரை அகத்தியர் பலன் சொல்கிறார். 6ல் "பூஜயஸ்வ" என்று கட்டளை. 7 முதல் 9 வரை "ஏஷ", இவனே பிரம்மா, இவனே விஷ்ணு, சிவன், ஸ்கந்தன் என்று போகிறது. 10 முதல் 15 வரை பெயர்ப்பட்டியல், எல்லாம் எழுவாய் வேற்றுமையில். பதினைந்தின் கடைசியில் "த்வாதசாத்மன் நமோஸ்து தே", பன்னிரு வடிவோனே உனக்கு வணக்கம் என்று ஒரு விளி, அதுதான் கீல். அதிலிருந்து கதவு திரும்பி 16 முதல் 21 வரை எல்லாம் "நம:" என்று நான்காம் வேற்றுமையில் நமஸ்காரம். 22 முதல் 24 வரை மறுபடி "ஏஷ". பிறகு பலன், ராமன் செய்தது, சூரியன் சொன்னது.

என் யோசனை, 16 முதல் 21 வரையுள்ள ஆறை முதலில் கற்றுக்கொள்ளுங்கள். "நம: பூர்வாய கிரயே பச்சிமாயாத்ரயே நம:" என்று கிழக்கு மலைக்கும் மேற்கு மலைக்கும் வணக்கம் சொல்லித் தொடங்கும். தாளம் தானாகக் கையைப் பிடித்துக்கொண்டு போகும். ஒரு வாரத்தில் மனப்பாடமாகும், அந்த வாரமே கடற்கரையில் சொல்ல உங்களிடம் ஏதோ ஒன்று இருக்கும். அடுத்து 10 முதல் 15. இதுதான் கடினம், ஏனென்றால் கதை இல்லை, பெயர் மட்டும். ஆறு சுலோகத்தின் முதல் சொல்லை ஒரு சரமாகக் கோத்துக்கொள்ளுங்கள்: ஆதித்ய, ஹரிதச்வ, ஹிரண்யகர்ப, வ்யோமநாத, ஆதபீ, நக்ஷத்ர. பத்தின் முடிவில் "ஹிரண்யரேதா" வருவதால் மனம் நேராகப் பன்னிரண்டின் "ஹிரண்யகர்ப" வுக்குத் தாவிவிடும், பதினொன்று முழுதும் விழுந்துபோகும். பலருக்கும் விழுகிற சுலோகம் அதுதான். இன்னொரு பொறி 17, 18. இரண்டும் "நமோ நம:" என்று முடிவதால் பதினெட்டு முடிந்ததும் மறுபடி பதினேழுக்கே போய்ச் சுற்றிக்கொண்டிருப்பார்கள். பதினேழு ஜெயத்தில் தொடங்குகிறது, பதினெட்டு "நம உக்ராய" என்று தொடங்குகிறது. வெற்றிக்குப் பிறகு உக்கிரம் என்று நினைவில் வைத்தால் போதும். சூரிய நமஸ்காரத்தின் பன்னிரண்டு பெயர் ஏற்கெனவே தெரிந்தவர்களுக்கு 10 முதல் 15 வரையுள்ள பெயர்ப் பகுதி கொஞ்சம் எளிது. மித்ர, ரவி, ஸூர்ய, பானு, கக, பூஷா என்று அந்தப் பெயர்கள் இங்கே வரிசை மாறி வருகின்றன. மரீசி மட்டும் "மரீசிமான்" என்று வரும், அர்க்க என்பது இதில் கிடையாது.

பெயர்களின் பொருள் தெரிந்தால் மறக்காது என்பதும் உண்மை. பன்னிரண்டாவது சுலோகத்தில் சூரியனை "சிசிர:" என்கிறது, குளிர்ந்தவன். அதே சுலோகத்தின் கடைசிச் சொல் "சிசிரநாசன:", குளிரை அழிப்பவன். பதினாலில் "ம்ருத்யு:", சாவு என்றே ஒரு பெயர். இருபத்திரண்டில் அழிப்பதும் இவன், அழித்ததையே படைப்பதும் இவன் என்கிறது. "பாயத்யேஷ தபத்யேஷ வர்ஷத்யேஷ கபஸ்திபி:", கதிர்களால் உறிஞ்சுகிறான், காய்கிறான், பொழிகிறான். மரக்காணம் உப்பளத்தில் கோடையில் பாத்தி வெளுப்பதையும் ஐப்பசியில் அதே பாத்தியில் மழைநீர் நிற்பதையும் பார்த்தவர்களுக்கு இந்த வரிக்கு உரையே வேண்டாம். இன்பமான பெயர்களை மட்டும் பொறுக்கி எடுத்த துதி இல்லை இது. அதனால்தான் எனக்கு இதன்மேல் மதிப்பு அதிகம்.

பதிமூன்றில் "விந்த்யவீதீப்லவங்கம:" என்று ஒரு நீண்ட பெயர். விந்திய வழியில் தாவிச் செல்பவன். விந்திய மலை வளர்ந்து சூரியன் பாதையை மறித்தபோது அதைத் தாழ்ந்து நிற்கச் செய்து தெற்கே வந்தவர் அகத்தியர் என்பது மகாபாரதத்தில் உள்ள கதை. சூரியனுக்கு வழிவிடச் செய்த முனிவரே சூரியன் துதியை ராமனுக்குச் சொல்கிறார். ராமன் சூரிய குலத்தில் வந்தவன். ஆனாலும் முப்பத்தோரு சுலோகத்திலும் "உன் குலமுதல்வன்" என்று அகத்தியர் ஓரிடத்திலும் சொல்வதில்லை. உறவு சொல்லி வரம் கேட்கும் துதியாக இதை அமைக்கவில்லை.

முதல் சுலோகத்தில் களைத்துக் கவலையோடு நின்றது யார் என்ற விவாதமும் உண்டு. "யுத்தபரிச்ராந்தம்" என்ற அடைமொழியை இலக்கணப்படி ராவணனுக்கும் போடலாம், அடுத்த சுலோகத்தில் வரும் ராமனுக்கும் போடலாம். இருபத்தெட்டில், இதைக் கேட்ட ராமன் "நஷ்டசோக:", துயரம் நீங்கியவன் ஆனான் என்று வருகிறது. துயரம் இருந்தால்தானே நீங்கும்? ராமனுக்கு என்று கொள்வதே பொருந்தும்.

இப்போது மூன்று தடவை விஷயம். இருபத்தாறில் "ஏதத் த்ரிகுணிதம் ஜப்த்வா" என்று அகத்தியரே சொல்கிறார், ஆகவே மூன்று முறை என்பது நூலிலேயே உள்ள விதி. நிதானமாக ஒரு சுலோகத்துக்குப் பத்துப் பன்னிரண்டு விநாடி. ஒரு தடவைக்கு ஆறு நிமிடத்துக்குக் கொஞ்சம் கூட, மூன்றுக்கு இருபது நிமிடம். பேருந்தைப் பிடிக்க ஓடுகிற நாளில் மூன்றையும் பத்து நிமிடத்தில் அடைத்துச் சொல்வதைவிட ஒன்றை ஒழுங்காகச் சொல்வது மேல். மூச்சு அரைச் சுலோகத்துக்கு ஒன்று, பதினாறு அசை. மூச்சுப் போதாமல் பெயரின் நடுவில் வெட்டுகிறீர்கள் என்றால் வேகம் கூடியிருக்கிறது என்று அர்த்தம். வேதம் சொல்வதுபோல ஏற்ற இறக்கம் வைத்துச் சொல்ல வேண்டாம். இது ஸ்தோத்திரம், இதற்கு ஸ்வரம் கிடையாது.

அதே காரணத்தால் பெண்கள் சொல்லலாமா என்ற கேள்விக்கும் பதில் எளிது: தாராளமாக. இருபத்தைந்தில் ஆபத்திலும் கஷ்டத்திலும் காட்டிலும் அச்சத்திலும் இவனைப் புகழ்கிற "புருஷ: கச்சித்", எவராயினும் ஒருவர், தளர்வதில்லை என்கிறது. அங்கே புருஷன் என்பது மனிதர் என்ற பொருளில்தான். உணவுக் கட்டுப்பாடு, விரதம் எதுவும் நூலில் இல்லை. அவை அவரவர் வீட்டு வழக்கம். ராமன் குளித்ததாகக்கூட இல்லை, போர்க்களத்தில் நின்றபடி சொல்கிறான். சொல்லி முடித்து மூன்று முறை ஆசமனம் செய்து, அதாவது தூய்மைக்காக உள்ளங்கை நீரைப் பருகி, வில்லை எடுக்கிறான். ஆசமனத்துக்கு உள்ளங்கையில் உளுந்து மூழ்கும் அளவு தண்ணீர் போதும். அதற்குக் கடல் நீர் எடுக்காதீர்கள், வீட்டிலிருந்து சின்னச் செம்பில் கொண்டு போங்கள்.

நேரம், திசை. நம் பக்கத்தில், கடலூரானாலும் புதுச்சேரியானாலும், மே கடைசியிலும் ஜூன் தொடக்கத்திலும் சூரியன் 5.45ஐ ஒட்டி எழும். ஜனவரியில் 6.35 வரை தள்ளிப்போகும். வருடம் முழுக்க ஆறு மணி என்று வைத்துக்கொண்டால் தையில் இருட்டில் சொல்லி முடித்துவிட்டு வீடு திரும்புவீர்கள். இடமும் நகரும். பங்குனியிலும் புரட்டாசியிலும் நேர் கிழக்கு. ஆனியில் வடகிழக்காக 24 பாகை, மார்கழியில் தென்கிழக்காக அதே அளவு. கையை நீட்டி முஷ்டி பிடித்தால் ஒரு முஷ்டி ஏறக்குறைய 10 பாகை. இரண்டரை முஷ்டி தள்ளிப் பார்த்தால் இடம் தெரியும். சில்வர் பீச்சிலும் புதுச்சேரி கடற்கரைச் சாலையிலும் எந்த மாதமானாலும் கடலிலிருந்தே எழும் என்பது நமக்குக் கிடைத்த கொடுப்பினை. ஐப்பசி, கார்த்திகையில் மேகம் மூடியிருந்தாலும் கிழக்கு பார்த்துச் சொல்லலாம். துறைமுகத்தில் புயல் கூண்டு ஏற்றிய நாளில் மட்டும் மொட்டை மாடியோடு நிறுத்திக்கொள்ளுங்கள். சிவன் கோயிலில் சொல்ல விரும்பினால், பெரும்பாலும் மேற்கு பார்த்து நிற்கும் சூரியன் சந்நிதி இருக்கும். அவர் எதிரில் நின்றாலே நீங்கள் கிழக்கு பார்த்திருப்பீர்கள்.

"ஆதித்யம் ப்ரேக்ஷ்ய", சூரியனைப் பார்த்து என்று இருபத்தொன்பதில் வருகிறது. இதை இருபது நிமிடம் இமைக்காமல் உற்றுப் பார்ப்பது என்று எடுத்துக்கொண்டு கண்ணைக் கெடுத்துக்கொள்ளாதீர்கள். விழித்திரைக்கு வலி தெரியாது. கருகிய பிறகுதான் பார்வையின் நடுவில் ஒரு புள்ளியாகத் தெரியவரும். அடிவானத்தில் சிவப்பாக இருந்தாலும் அந்தத் திசையை ஒரு கணம் பார்த்து வணங்கிவிட்டுக் கண்ணைத் தாழ்த்துங்கள், அல்லது மூடிக்கொள்ளுங்கள். இதைச் சொன்னால் கண் நோய் தீரும் என்று பரப்புகிறார்கள். ஸ்தோத்திரம் சொல்லும் பலன் வெற்றி, பகை அழிதல், பாவம் நீங்குதல், கவலையும் துயரமும் தணிதல், ஆயுள் வளர்தல். கண் பற்றி அதில் ஒரு சொல்லும் இல்லை. போட்டுக்கொண்டிருக்கும் சொட்டு மருந்தை நிறுத்த வேண்டாம்.

கடைசிச் சுலோகத்துக்கு வரும்போது ராகம் மாறும், மாற வேண்டும். "அத ரவிரவதன்னிரீக்ஷ்ய ராமம்" என்பது அநுஷ்டுப் இல்லை, புஷ்பிதாக்ரா. ஒற்றைப் பாதத்துக்கு 12 அசை, இரட்டைப் பாதத்துக்கு 13. முந்தைய சந்தத்திலேயே இழுத்தால் எங்காவது மூச்சு முட்டும், ஆகவே பாதத்துக்கு ஒரு மூச்சாக நான்காகப் பிரித்துக்கொள்ளுங்கள். அதுவரை எல்லாரும் சூரியனைப் பற்றிப் பேசினார்கள், இங்கேதான் சூரியன் வாய் திறக்கிறான். தேவர்கள் நடுவில் நின்று, ராமனைப் பார்த்து மகிழ்ந்து, அவன் சொல்வது ஒரே ஒரு சொல். "வசஸ்த்வரேதி" என்பதற்குள் அது இருக்கிறது: வச:, த்வர, இதி. "த்வர", விரைவாய். முடிக்கிறோமே என்று அந்தச் சொல்லை மட்டும் நீட்டி இழுக்காதீர்கள்.